செக்கு தெரியும்; கப்பல் தெரியுமா?



தமிழ்ப்பள்ளிகளில் நடைபெறும் பேச்சுப் போட்டிகளுக்கு நடுவராக அமர்ந்தவர்களுக்கு ஒன்று நன்றாகத் தெரிந்திருக்கும். வ.உ.சிதம்பரனாரைப் பற்றிய பேச்சு எந்தப் பள்ளியிலிருந்து வந்தாலும் ஒரே தடத்தில்தான் செல்லும். கப்பல் ஓட்டினார், சிறை சென்றார், செக்கிழுத்தார். இம்மூன்று வினைமுற்றுகளுக்குள் ஒரு பெருமகனின் வாழ்வு அடங்கிவிடும். கடைசி வரியில் மாணவர் கையை உயர்த்தி முழங்குவார், அவையோர் கைதட்டுவர், பரிசும் கிடைக்கும்.

மேடையிலிருந்து இறங்கி வரும் அம்மாணவரை அழைத்து நான்கு வினாக்களைக் கேட்டுப் பாருங்கள். அந்தக் கப்பலின் பெயர் என்ன? அஃது எந்த ஊரிலிருந்து எந்த ஊருக்குச் சென்றது? அதை வாங்கப் பணம் கொடுத்தவர்கள் யார்? அஃது ஏன் நின்று போயிற்று? பெரும்பாலும் விடை கிடைக்காது. இது மாணவரின் குறையன்று. மனனம் செய்யக் கொடுக்கப்படும் உரையில் அச்செய்திகள் இருப்பதில்லை.

செக்கைக் கற்பிக்கிறோம், கப்பலைக் கற்பிப்பதில்லை. செக்கின் கதை மாணவர் உள்ளத்தில் இரக்கத்தை ஊட்டும். அது தேவைதான். ஆனால், கப்பலின் கதையோ ஓர் இனம் தனக்கென ஒரு நிறுவனத்தை எப்படிக் கட்டுகிறது, அதை எப்படி நடத்துகிறது, எதனால் இழக்கிறது என்பதைக் கற்றுத் தரும். மலேசியத் தமிழ் மாணவருக்கு இன்று அதிகம் வேண்டப்படுவது இந்த இரண்டாவது பாடமே என்பது என் கருத்து. அதற்கான காரணங்களை ஒவ்வொன்றாகக் காண்போம்.

நாற்பதாயிரம் பங்குகள்

முதலில் ஒரு தெளிவு வேண்டும். அந்தக் கப்பல்கள் சிதம்பரனாரின் சொந்தக் கப்பல்கள் அல்ல. அவை சுதேசி நீராவிக் கப்பல் நிறுவனம் என்னும் பங்கு நிறுவனத்துக்குச் சொந்தமானவை. அந்நிறுவனம் 1906ஆம் ஆண்டு அக்டோபர் 16ஆம் நாள் முறைப்படி பதிவு செய்யப்பட்டது. மூலதனம் பத்து இலட்சம் ரூபாய். ஒரு பங்கின் விலை 25 ரூபாய். ஆக, 40,000 பங்குகள்.

அதன் தலைவராக இருந்தவர் பாலவநத்தம் ஜமீன்தார் பாண்டித்துரைத் தேவர். 1901இல் மதுரையில் தமிழ்ச் சங்கத்தை நிறுவிய அதே தமிழ் வள்ளல்தான் அவர். அதிகப் பங்குகளை வாங்கித் தோள் கொடுத்தவர் ஹாஜி முகமது பக்கீர் சேட் என்னும் இசுலாமிய வணிகர். எட்டாயிரம் பங்குகள், அதாவது இரண்டு இலட்சம் ரூபாய், அவர் அளித்தவை. மொத்த மூலதனத்தில் ஐந்தில் ஒரு பங்கு! சட்ட ஆலோசகர்களுள் ஒருவர் சேலம் விசயராகவாச்சாரியார். பாரதியார் தம் 'இந்தியா' இதழில் இம்முயற்சியை ஆதரித்து எழுதினார்.

சிதம்பரனார் அதில் வகித்த பதவி என்ன தெரியுமா? உதவிச் செயலாளர். ஆம், நிறுவனத்தின் உயிர்மூச்சாய் இருந்தவர் ஏட்டளவில் உதவிச் செயலாளர் மட்டுமே. பெயர்ப் பலகையில் பெயர் எந்த இடத்தில் வர வேண்டும் என்பதற்காகவே சங்கங்கள் உடைவதைக் கண்டு பழகிய நமக்கு இந்த ஒரு செய்தி போதாதா, அரை மணி நேரம் மாணவர்களோடு பேச?

பங்கு விற்பதும் எளிதாக இருக்கவில்லை. ஊர் ஊராகச் சென்று, மேடை மேடையாகப் பேசி விற்க வேண்டியிருந்தது. மேலும், தொடக்கத்தில் நிறுவனத்திடம் சொந்தக் கப்பலே கிடையாது. பம்பாயைச் சேர்ந்த ஷா லைன் என்னும் நிறுவனத்தின் கப்பல்களை வாடகைக்கு அமர்த்தினர். போட்டி நிறுவனம் கொடுத்த நெருக்குதலால் அந்த ஏற்பாடு முறிந்தது. உடனே கொழும்பிலிருந்து வேறொரு கப்பலை வாடகைக்குப் பெற்றுப் போக்குவரவைத் தொடர்ந்தனர். வாடகைக் கப்பலை நம்பினால் கழுத்தில் எப்போதும் பிறர் கை இருக்கும் என்பது அவர்களுக்குப் புரிந்தது. அதன் பிறகே சொந்தக் கப்பல் வாங்கும் முயற்சி தீவிரம் அடைந்தது. 1907ஆம் ஆண்டில் 'காலியா', 'லாவோ' என்னும் இரண்டு கப்பல்கள் தூத்துக்குடிக்கு வந்து சேர்ந்தன. ஒவ்வொன்றும் ஏறத்தாழ 1,300 சாதாரண வகுப்புப் பயணிகளையும் நாலாயிரம் மூட்டைச் சரக்கையும் ஏற்ற வல்லது என்று எழுதியுள்ளனர். தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையே ஆட்களும் சரக்கும் அவற்றில் சென்றனர், வந்தனர்.

குடை கொடுத்த கதை

எதிரே நின்றது யார்? பிரிட்டிஷ் இந்தியா நீராவிக் கப்பல் நிறுவனம். சுருக்கமாக பி.ஐ. என்பர். வில்லியம் மக்கினன் என்னும் ஸ்காத்துலாந்துக்காரர் 1856இல் கல்கத்தாவுக்கும் பர்மாவுக்கும் அஞ்சல் ஏற்றிச் செல்லத் தொடங்கிய நிறுவனம் அது. 1862இல் பெயர் மாற்றம் பெற்று, ஐம்பது ஆண்டுகளுக்குள் பாரசீக வளைகுடாவிலிருந்து ஆத்திரேலியா வரை கடல் வழிகளை வளைத்துக்கொண்டது. நூற்றுக்கு மேற்பட்ட கப்பல்கள் அதற்கு இருந்தன. அரசாங்க அஞ்சலும் படைவீரர்களும் அதன் நிலையான வருமானங்கள். இரண்டே கப்பல்களை வைத்திருந்த சுதேசி நிறுவனம் இந்த மலையோடுதான் மோதியது.

பி.ஐ. நிறுவனம் தூத்துக்குடி – கொழும்புக் கட்டணத்தை ஒரு ரூபாயாகக் குறைத்தது. சுதேசி நிறுவனம் எட்டணாவாகக் குறைத்தது. பிறகு பி.ஐ. நிறுவனம் கட்டணமே இல்லாமல் ஏற்றிச் செல்வதாகவும், ஏறுவோருக்கு ஒரு குடையை இலவசமாகத் தருவதாகவும் அறிவித்ததாகக் கூறுவர்.

பேச்சுப் போட்டிகளில் இந்தக் குடை சில வேளைகளில் வருவதுண்டு. வெள்ளையனின் சூழ்ச்சி என்ற அளவில் வந்து போய்விடும். கணக்குப் பாடத்தில் அதை விரித்துப் பார்த்தால்தான் சூழ்ச்சியின் ஆழம் புரியும். 1,300 பயணிகள் நிறைந்த ஒரு கப்பலில் ஆளுக்கு எட்டணா வாங்கினால் மொத்த வரவு 650 ரூபாய். நிலக்கரி, மாலுமிகளின் சம்பளம், துறைமுகக் கட்டணம், பழுது பார்க்கும் செலவு, கப்பல் வாங்கிய முதலுக்கான வட்டி ஆகிய அனைத்தையும் அந்த 650 ரூபாயிலும் சரக்குக் கூலியிலும் ஈடுகட்டியாக வேண்டும். கப்பல் பாதி நிறைந்தால் பயணிகள் தரும் வரவு 325 ரூபாய்தான். பி.ஐ. நிறுவனமோ இந்த ஒரு வழித்தடத்தில் ஆண்டுக்கணக்கில் நட்டப்பட்டாலும் பிற வழித்தடங்களின் ஊதியத்தால் தாங்கிக்கொள்ளும். ஒரே வழித்தடத்தை நம்பி வாழும் சிறிய நிறுவனத்தால் அது முடியாது. இன்றைக்கும் நம் ஊர்ச் சிறு கடைகள் பேரங்காடிகளின் மலிவு விலைக்கு முன் மூடப்படுவது இதே கணக்கால்தான். ஐந்தாம் ஆண்டு மாணவருக்கு விளங்கக்கூடிய பெருக்கல் இது. இதற்குள் ஒரு பேரரசின் பொருளியல் முழுதும் அடங்கியிருக்கிறது.

இக்கணக்கைச் செய்து பார்த்த வகுப்பொன்றில் ஒரு மாணவி எழுந்து, "அப்படியென்றால் குடை வாங்கிக்கொண்டு அந்தக் கப்பலில் ஏறியவர்கள் கெட்டவர்களா, ஐயா?" என்று கேட்டாள். பதினொரு வயதுக் குழந்தையின் வினா அது. அதற்கு ஆம் என்று சட்டென்று விடை சொல்லிவிடக் கூடாது. அன்று கொழும்புக்குக் கப்பல் ஏறியவர்களுள் பலர் இலங்கைத் தோட்டங்களுக்கும் சிறு வணிகத்துக்கும் சென்ற ஏழைகள். எட்டணா அவர்களுக்குப் பெருந்தொகை. வறியவனிடம் நாட்டுப்பற்றுக்கு விலை கேட்பது எளிது. கொடுப்பது அவனுக்கு எளிதன்று. அப்படி இருந்தும் சுதேசிக் கப்பலையே நாடி வந்தவர்கள் இருந்தார்கள் என்பதுதான் வியப்புக்குரியது. நல்லவர், கெட்டவர் என்று பிரித்துக் காட்டாமல், ஒவ்வொருவரும் எந்த நிலையில் நின்று முடிவெடுத்தனர் என்று மாணவர்களைச் சிந்திக்க வைப்பதே வரலாற்றுப் பாடம்.

நிறுவனம் எப்படி மாண்டது?

1908ஆம் ஆண்டின் தொடக்கத்தில் தூத்துக்குடி கோரல் ஆலைத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தனர். சிதம்பரனாரும் சுப்பிரமணிய சிவாவும் அவர்களுக்குத் துணை நின்றனர். மார்ச் 12ஆம் நாள் இருவரும் கைது செய்யப்பட்டனர். மறுநாள் திருநெல்வேலியில் கலகம் மூண்டது. சூலை 7ஆம் நாள் நீதிபதி பின்கே தீர்ப்பு அளித்தார். இருபது ஆண்டுகள் வீதம் இரண்டு தண்டனைகள். மொத்தம் நாற்பது ஆண்டுகள் என்று அமைந்த அக்கொடுந்தீர்ப்பு, மேல்முறையீட்டில் பெரிதும் குறைக்கப்பட்டது. கோயமுத்தூர், கண்ணனூர்ச் சிறைகளில் இருந்த சிதம்பரனார் 1912 டிசம்பரில் விடுதலையானார். அவர் இழுத்த செக்கு இன்று சென்னை கிண்டியில் காந்தி மண்டப வளாகத்தில் வைக்கப்பட்டுள்ளது.

இதுவரை நம் மாணவர்கள் அறிவர். அந்நான்கரை ஆண்டுகளில் கப்பல் நிறுவனம் என்னவாயிற்று என்பதைத்தான் அறியார். கட்டணப் போட்டியால் ஏற்கெனவே நலிந்திருந்தது அது. அரசியலையும் வணிகத்தையும் ஒருவரே ஒருசேர நடத்தலாமா என்னும் கலக்கம் நிறுவனத்துக்குள்ளேயே எழுந்திருந்தது. ஆட்சியாளரைப் பகைத்துக்கொண்டு பணம் போட்டவர்கள், தலைமகன் சிறை சென்றபின் அஞ்சினர். பங்கு விற்க ஆள் இல்லை. ஊக்கம் ஊட்டிப் பேச ஆள் இல்லை. எதிர்த்து நிற்க ஆள் இல்லை. 1911இல் நிறுவனம் கலைக்கப்பட்டது. கப்பல்கள் விற்கப்பட்டன. அவற்றுள் ஒன்று, எந்த நிறுவனத்தை எதிர்த்து வாங்கப்பட்டதோ அந்நிறுவனத்துக்கே போய்ச் சேர்ந்தது என்று எழுதியுள்ளனர். சிறையிலிருந்து வெளிவந்த சிதம்பரனாருக்குக் கப்பலும் இல்லை, வழக்குரைஞர் உரிமமும் இல்லை. வறுமையில் உழன்றவாறே இலக்கணப் பதிப்பிலும் திருக்குறள் உரையிலும் உழைத்து, 1936 நவம்பர் 18இல் மறைந்தார்.

இங்கே ஒன்றை நேர்மையாகச் சொல்ல வேண்டும். சுதேசி நிறுவனம் 1911ஐத் தாண்டிப் பிழைத்திருந்தாலும் அதற்கு வேறோர் இடர் காத்திருந்தது. 1914 பிப்ரவரியில் பாம்பன் தொடர்வண்டிப் பாலம் திறக்கப்பட்டது. சென்னையிலிருந்து தனுஷ்கோடி வரை தொடர்வண்டி. அங்கிருந்து தலைமன்னாருக்குக் குறுகிய கடல் வழி. தூத்துக்குடி வழியாகக் கொழும்பு சென்ற பயணிகளுள் பெரும்பாலோர் புதிய வழிக்கு மாறினர். அந்தத் தனுஷ்கோடியும் 1964 டிசம்பர்ப் புயலில் அழிந்தது. நம் காலத்தில் 2011 சூனில் தூத்துக்குடி – கொழும்புப் பயணிகள் கப்பல் மீண்டும் தொடங்கியபோது பலரும் சிதம்பரனாரை நினைவுகூர்ந்தனர். அச்சேவை அந்த ஆண்டு முடியும் முன்பே நின்று போயிற்று. அப்போது அரசு எதிர்க்கவில்லை; குடை கொடுத்த போட்டியாளரும் இல்லை. கடல்வழி வணிகம் உணர்ச்சியால் மட்டும் ஓடுவதில்லை என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டுமா?

இதைச் சொல்வதால் சிதம்பரனாரின் பெருமை குறையுமா? சில நண்பர்கள் இக்கேள்வியை எழுப்புகின்றனர். "குழந்தைகளுக்கு முன்மாதிரிகள் வேண்டும், தோல்விக் கணக்கை ஏன் காட்ட வேண்டும்?" என்கின்றனர். அவர்களின் அக்கறையை மதிக்கிறேன். கருத்தை ஏற்க இயலவில்லை. எதிரியின் வலிமை தெரிந்தால்தான் எதிர்த்தவரின் துணிவு தெரியும். இரண்டு கப்பல்களோடு நூறு கப்பல்களை எதிர்த்தார் என்னும் செய்தி, மாபெரும் வீரர் என்னும் அடைமொழியைவிட ஆயிரம் மடங்கு வலிமையானது. 1961இல் வெளிவந்த 'கப்பலோட்டிய தமிழன்' திரைப்படம் நம் பெற்றோர் தலைமுறைக்கு அவரை அறிமுகம் செய்தது. அது திரைப்படத்தின் பணி. வகுப்பறையின் பணி அதனினும் ஒரு படி மேலே செல்ல வேண்டும். ஆசிரியர்கள் ஆழ்ந்து படிக்க விரும்பினால், ஆ.இரா. வேங்கடாசலபதி இந்நிறுவனத்தின் வரலாற்றை விரிவாக ஆராய்ந்து ஆங்கிலத்தில் எழுதிய நூல் 2023இல் வெளிவந்துள்ளது.

நாம் ஏறி வந்த கப்பல்

இனி, நம் மாணவருக்கு மிக அருகிலுள்ள செய்திக்கு வருவோம். சுதேசி நிறுவனத்தை வீழ்த்திய பி.ஐ. நிறுவனம் வேறு எங்கோ இருந்த அயலான் அன்று. நம்மில் பலருடைய பாட்டன் பாட்டியரை இந்நாட்டுக்கு ஏற்றி வந்ததே அந்நிறுவனம்தான்!

நாகப்பட்டினத்திலிருந்தும் சென்னையிலிருந்தும் பினாங்கு, போர்ட் சுவெட்டன்ஹாம் என்று அன்று அழைக்கப்பட்ட கிள்ளான் துறைமுகம், சிங்கப்பூர் ஆகிய இடங்களுக்கு அதன் கப்பல்கள் முறையாக வந்து சென்றன. சுதேசிக் கப்பல்கள் தூத்துக்குடிக்கு வந்த அதே 1907ஆம் ஆண்டில்தான் மலாயாவில் தமிழர் குடியேற்ற நிதி என்னும் திட்டம் உருவாயிற்று. தோட்ட முதலாளிகளிடம் வரி வசூலித்து, அந்நிதியைக் கொண்டு தமிழகத்துத் தொழிலாளர்களை இலவசமாகக் கப்பலேற்றி அழைத்து வருவதே அதன் நோக்கம். அப்பயணங்களின் பெரும்பங்கு பி.ஐ. கப்பல்களுக்கே போயிற்று. தூத்துக்குடியில் கட்டணத்தைக் குறைத்து நட்டப்பட்ட நிறுவனத்துக்கு நாகப்பட்டினத்தில் நிலையான வருவாய்! தூத்துக்குடியில் குடை, நாகையில் இலவசப் பயணச் சீட்டு. இரண்டிலும் ஏறியவர்கள் நம்மவர்களே. அந்தச் சீட்டுக்குரிய விலையைப் பிறகு பால்மரக் காட்டில் உழைத்துக் கொடுத்தார்கள்.

அக்கப்பல்களுள் நம் வீடுகளில் இன்றும் பெயர் சொல்லப்படுவது 'ரஜூலா'. 1926இல் கிளாசுகோ நகரில் கட்டப்பட்டது. ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட தளப் பயணிகளை ஏற்றுவதற்கு உரிமம் பெற்றிருந்தது. தளப் பயணி என்றால் அறையும் கட்டிலும் இல்லாதவர். பாயை விரித்த இடமே அவர் இடம். கறுப்புப் புகைபோக்கியில் இரண்டு வெள்ளைப் பட்டைகள் பி.ஐ. கப்பல்களின் அடையாளம். பினாங்கை அடைந்ததும் பலர் ஊருக்குள் நேரே செல்ல முடியாது. ஜெரெஜாக் தீவில் நோய்த் தடுப்பு முகாமில் தங்க வேண்டும். சிங்கப்பூருக்குச் சென்றவர்களுக்கு அப்படி ஒரு செயின்ட் ஜான்ஸ் தீவு.

ஏறத்தாழ அரை நூற்றாண்டு ஓடிய ரஜூலா 1973இல் இந்தியக் கப்பல் கழகத்துக்கு விற்கப்பட்டு, 'ரங்கத்' எனப் பெயர் மாற்றப்பட்டு, மறு ஆண்டே பம்பாயில் உடைக்கப்பட்டது. அதை நடத்திய பி.ஐ. நிறுவனமும் நிலைக்கவில்லை. 1914இலேயே பி அண்டு ஓ நிறுவனத்தோடு இணைந்த அது, 1970களின் தொடக்கத்தில் தனிப் பெயரையும் இழந்தது. பின்னர் இவ்வழியில் ஓடிய 'சிதம்பரம்' கப்பல் 1985 பிப்ரவரியில் நடுக்கடலில் தீப்பற்றியது, பலர் மாண்டனர். அத்தோடு சென்னை – பினாங்கு – சிங்கப்பூர்ப் பயணிகள் கப்பல் சேவை முடிவுற்றது. மாபெரும் நிறுவனமும் மறைந்தது. சிறு நிறுவனமும் மறைந்தது. ஒன்று நூறாண்டுக்கு மேல் வாழ்ந்து மறைந்தது. மற்றொன்று ஐந்தாண்டில் மறைந்தது. ஆயினும் நூறாண்டு வாழ்ந்ததன் பெயரை அதில் ஏறி வந்தவர்களின் பேரப்பிள்ளைகளே அறியார். ஐந்தாண்டு வாழ்ந்ததன் பெருமை இன்றும் பேசப்படுகிறது.

எனவே, மாணவர்களுக்கு இரண்டு கப்பல்களையும் காட்ட வேண்டும் என்கிறேன். கப்பலோட்டிய தமிழர் ஒருபுறம். கப்பலேறிய தமிழர் மறுபுறம். முதலாமவரைப் போற்றிப் பேசும் குழந்தைக்கு, இரண்டாமவர் தன் சொந்தக் கொள்ளுப்பாட்டன் என்பது தெரிந்திருக்க வேண்டாமா?

நமக்கு என்ன பாடம்?

சுதேசி நிறுவனத்தின் வீழ்ச்சிக்கு அடக்குமுறை முதற்காரணம் என்பதில் ஐயமில்லை. ஆனால், ஒருவர் சிறை சென்றதும் தளர்ந்து போகும் அளவுக்கு அந்த ஒருவரையே நம்பி இருந்ததும் ஒரு காரணம். இதைத்தான் நாம் நம் நாட்டில் திரும்பத் திரும்பக் காண்கிறோம். ஆர்வமுள்ள ஒருவர் இருக்கும்வரை படிப்பகம் நடக்கும். அவர் மாற்றலாகிப் போனால் பூட்டு. ஒரு தலைவர் இருக்கும்வரை பெற்றோர் ஆசிரியர் சங்கம் துடிப்போடு இயங்கும். அவர் பிள்ளை ஆறாம் ஆண்டு முடித்து வெளியேறினால் சங்கமும் உறங்கும். கணக்கேடு ஒருவரின் கைப்பையிலும், சாவி ஒருவரின் இடுப்பிலும், திட்டம் ஒருவரின் தலையிலும் இருக்கும்வரை அது நிறுவனம் ஆகாது.

மாற்றுச் சான்றும் நம்மிடமே உண்டு. 1950களில் வெள்ளையர் தோட்டங்களை விற்றுவிட்டு வெளியேறத் தொடங்கியபோது தோட்டங்கள் துண்டாடப்பட்டன. தொழிலாளர் வேலையையும் வீட்டையும் ஒருசேர இழந்தனர். அந்நிலையில் துன் வீ.தி. சம்பந்தன் 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். பால்மரம் வெட்டும் தொழிலாளர்களிடம் மாதந்தோறும் சிறு தொகையைப் பங்குப் பணமாகத் திரட்டித் தோட்டங்களை விலைக்கு வாங்கியது அச்சங்கம். எவர் மண்ணில் கூலிகளாக இருந்தார்களோ அம்மண்ணுக்குப் பங்காளிகளானார்கள். 25 ரூபாய்ப் பங்கு விற்ற தூத்துக்குடிக் கனவின் மறுபிறப்பு என்றே இதை எண்ணத் தோன்றுகிறது. துன் சம்பந்தன் 1979இல் மறைந்தார். சங்கம் அவரோடு மறையவில்லை. நிறுவனர் போன பிறகும் நிறுவனம் நிற்கும் என்பதை அது காட்டியது.

சுதேசிக் கப்பல் நிறுவனத்தையும் நில நிதிச் சங்கத்தையும் அருகருகே வைத்துப் பாடம் நடத்திய ஆசிரியர் எத்தனை பேர்? ஒன்றில் பகை அரசு. மற்றொன்றில் நிறுவனரே அமைச்சர். ஒன்றில் எதிரே பேரரசின் வணிகம். மற்றொன்றில் வெளியேறிக்கொண்டிருந்த வணிகம். வேறுபாடுகள் பல. எனினும் சிறு பணம் சேர்ந்து பெரும் சொத்தாகும் என்னும் உண்மை இரண்டுக்கும் பொது.

என்ன செய்யலாம்?

பாடநூல் மாறும் வரை காத்திருக்க வேண்டியதில்லை. நாளைக்கே செய்யக்கூடியவை சில:

1. கணக்குப் பாடத்தில் 40,000 பங்குகள், 25 ரூபாய், 8,000 பங்குகள், எட்டணாக் கட்டணம் ஆகியவற்றைக் கொண்டு வினாக்கள் அமைக்கலாம். பதினாறு அணா ஒரு ரூபாய் என்பதையும் மாணவர் அறிவர்.

2. நிலப்படத்தில் தூத்துக்குடி, கொழும்பு, தனுஷ்கோடி, தலைமன்னார், நாகப்பட்டினம், பினாங்கு, கிள்ளான், சிங்கப்பூர் ஆகிய எட்டு இடங்களைக் குறிக்கச் செய்யலாம். எந்த நிறுவனத்தின் கப்பல் எங்கிருந்து எங்குச் சென்றது என்று கோடு வரையட்டும். தம் குடும்பம் எந்தக் கோட்டின் வழியே வந்தது என்பதை அவர்களே கண்டறிவர்.

3. பேச்சுப் போட்டிக்கு உரை எழுதிக் கொடுக்கும் ஆசிரியர்கள் பாண்டித்துரைத் தேவரையும் பக்கீர் சேட்டையும் ஒரு வரியிலாவது சேர்க்கலாம். கப்பலை ஒருவரே ஓட்டவில்லை. சைவரும் வைணவரும் இசுலாமியரும் சேர்ந்தே ஓட்டினர் என்பது பல்லின நாட்டில் வாழும் நம் குழந்தைகளுக்கு நல்ல செய்தி.

4. பள்ளிக் கூட்டுறவுக் கடை இருக்கும் இடங்களில் மாணவர்களைக் கணக்கேடு பார்க்கப் பழக்கலாம். பங்கு, முதல், வரவு, செலவு, ஊதியம் ஆகிய சொற்களைத் தமிழில் கையாளும் பயிற்சியும் கிடைக்கும்.

பெற்றோர்களுக்கும் ஒரு பணி உண்டு. உங்கள் வீட்டுப் பெட்டியின் அடியில் பழைய கடப்பிதழ், கப்பல் சீட்டு, தடுப்பூசிச் சான்றிதழ் ஏதேனும் கிடக்கலாம். தாத்தா பாட்டி இருந்தால் எந்தக் கப்பலில் வந்தார்கள், பெற்றோர் எந்தக் கப்பலில் வந்ததாகச் சொன்னார்கள் என்று பிள்ளைகளைக் கேட்கச் சொல்லுங்கள். விடைகளைத் தமிழில் எழுதி வைக்கச் செய்யுங்கள். ரஜூலாவின் தளத்தில் பாய் விரித்து வந்தவர்களுள் நம்மிடையே இருப்போர் ஆண்டுக்கு ஆண்டு குறைந்து வருகின்றனர். அவர்கள் போன பின்னர் எந்த நூலகத்தில் தேடினாலும் அந்தச் செய்தி கிடைக்காது.

தூத்துக்குடித் துறைமுகத்துக்கு 2011இல் வ.உ.சிதம்பரனார் பெயர் சூட்டப்பட்டது. பெயர் சூட்டுவது நன்றியின் அடையாளம். அவர் கட்டியதைப் புரிந்துகொள்வது அதைவிட மேலான நன்றி. அடுத்த பேச்சுப் போட்டியில் நம் மாணவர் செக்கைப் பற்றி முழங்கட்டும்; தடையில்லை. அதற்கு முன்பு காலியாவைப் பற்றியும் லாவோவைப் பற்றியும் நான்கு வரிகள் பேசட்டும். அந்த நான்கு வரிகளை எழுதிக் கொடுக்க வேண்டியவர்கள் நாம்.

சிந்திப்போம், செயல்படுவோம்.